வாயைத் திறந்து காட்டியவர்

எங்கள் ஊர் நடவைப் பார்க்க ஜப்பானிலிருந்து வந்தவர் அவர். அறுபது வயதிருக்கும். குட்டையான உருவம், வெயிலில் கறுத்த கழுத்து, எங்களைப் போலவே நகக்கண்ணில் சேறு. அணு உலை வெடித்த பக்கத்து நெல் விவசாயி என்று மொழிபெயர்க்கக் கூட வந்த தஞ்சாவூர்ப் பெண் சொன்னதுமே நான் ஓரடி பின்வாங்கினேன். எட்டாம் வகுப்போடு நின்றவன் நான். பயப்படுவதற்குப் படிப்பு தேவையில்லை.

காலையில் எங்கள் வீட்டில் இட்லி சாப்பிட்டுவிட்டு வயலுக்குப் போய், மதியச் சாப்பாட்டுக்கும் வந்தவர், தன் வயலில் விளைந்த அரிசி என்று ஒரு சின்னப் பையை நீட்டினார். என் மனைவி அதையே சோறாக்கி இலையில் போட்டுவிட்டாள். நான் குழம்புக்குக் காத்திருப்பவன் போலக் கையைக் கட்டிக்கொண்டிருந்தேன். அவர் முதல் பிடியை மென்று விழுங்கி, குழந்தை மாதிரி வாயைத் திறந்து எனக்குக் காட்டினார்.

“எதுக்கும்மா இப்படி?” என்று அந்தப் பெண்ணைக் கேட்டேன்.

“மூட்டை மூட்டையா மெஷின்ல சோதிச்சுக் கொடுத்தாலும் வாங்கறவங்க யோசிக்கிறாங்களாம். அதனால யாருக்குக் கொடுத்தாலும் முதல்ல சாப்பிட்டுக் காட்டுவாராம். அதுலயே தொப்பை வந்துடுச்சாம்.”

அவர் வயிற்றைத் தட்டிச் சிரித்தார்.

“நீங்க அடிக்கிற பூச்சி மருந்தை எந்த மெஷின்ல சோதிச்சீங்க? காலையில நம்ம இட்லியை அவரு ஒண்ணும் கேக்காமத்தானே சாப்பிட்டாரு?” என்றாள் என் மனைவி.

வெட்கத்தோடு ஒரு பிடி அள்ளிப் போட்டேன். லேசாக ஒட்டும் சோறு, நல்ல ருசி. நானும் வாயைத் திறந்து காட்டினேன். அவர் கைதட்டினார். மறுசோறும் அதையே போடச் சொன்னேன்.

இன்றும் சாப்பிட உட்காரும்போது அவர் நினைவு வரும். சொந்த வீட்டிலாவது வாயைத் திறந்து காட்டாமல் ஒரு பிடி சாப்பிடுகிறாரோ என்னவோ.