ஒரு கைக்கு மட்டும் ஊற்றிய தண்ணீர்

மாத்தளை மாவட்டத்தில், பல்லேபொலப் பக்கம் மிளகும் கராம்பும் வாங்கி விற்கும் மீராசாஹிப்புக்கு வயது அறுபத்தொன்று. அதில் முப்பது வருடத்தை அரசியலுக்குத் தாரைவார்த்துவிட்டார். அரசியல் அவருக்குத் திருப்பிக் கொடுத்தது பிரதேச சபையில் ஒரே ஒரு தவணை உறுப்பினர் பதவி. அந்தத் தவணையில் ஒரு பஸ் தரிப்பிடம் கட்டி, தன் பெயரை முன்னால் கொட்டை எழுத்தில் பொறித்தார். பெயர் இன்னும் பளிச்சென்று இருக்கிறது. பஸ்தான் அங்கே நிற்பதில்லை.

மற்ற நான்கு தேர்தல்களில் மூன்று கட்சிகளின் பெயரில் நின்று தோற்றார். ஒவ்வொரு தோல்விக்கும் ஒரே காரணம்தான் சொல்வார்.

“ராஜ பரம்பரையோட அரும இந்த சனத்துக்கு வெளங்காது.”

எட்டுத் தலைமுறைக்கு முன்னர், இந்தியாவில் மேலச்செங்காடு என்ற சமஸ்தானத்து இளவரசர் ஒருவர் அண்ணனோடு கோபித்துக்கொண்டு கப்பலேறினாராம். மன்னாரில் இறங்கி, மாத்தளைவரை நடந்து வந்து, கலிமா சொல்லி முஸ்லிமாகி, இங்கேயே கல்யாணம் முடித்தாராம். அவர் வழியில் வந்தவர்தான் மீராசாஹிப். இதை வாப்பா சொன்னார். வாப்பாவுக்கு யார் சொன்னது என்று மட்டும் கேட்கக்கூடாது. ஒருமுறை கேட்டுவிட்ட மச்சான் இன்றுவரை அந்த வீட்டு வாசலை மிதிக்கவில்லை. சைக்கிளில் மிளகு மூட்டை கட்டிக்கொண்டு திரிந்த நாளிலேயே மீராசாஹிப்பின் பில் புத்தகத்தில் ஒரு கிரீடம் அச்சடித்திருந்தது என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஆறாவது தேர்தலும் வந்தது. இந்த முறை தோற்றால் இனிமேல் இடம் கிடையாது என்று கட்சிக்காரர்கள் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டார்கள். வாக்களிப்புக்கு மூன்று வாரம் இருக்கையில் தங்கச்சி மகன் ஷிஃபானிடமிருந்து போன் வந்தது. அவன் அலுவிகாரையில் ஒரு வாசனைத் திரவியத் தோட்டத்தில் வெளிநாட்டுக்காரருக்கு ஏலமும் கறுவாவும் காட்டும் வழிகாட்டி.

“மாமா, ஒங்கட சொந்தக்காரர் வந்தீக்கிறார். மேலச்செங்காட்டு ராஜாவாம். முழங்காலுக்கு எண்ணெ தேச்சிக்கிட்டு ஈக்கிறார்.”

மீராசாஹிப் மிளகு நிறுத்துக்கொண்டிருந்த தராசை அப்படியே விட்டுவிட்டு ஆட்டோ பிடித்தார்.

ராஜா விஜயபூபதி இந்தியாவில் லேசுப்பட்ட ஆளில்லை. அரண்மனையில் பாதியைக் கல்யாண மண்டபமாக வாடகைக்கு விட்டுவிட்டு அரசியலுக்கு வந்தவர். முதல் மூன்று தேர்தலில் யானைமேல் போய் வேட்புமனு கொடுத்தார். மூன்றிலும் கட்டுப்பணம் போனது. அதற்குப் பிறகு நான்கு கட்சியில் மாறி மாறி ஐந்து முறை எம்.எல்.ஏ. ஒருமுறை மீன்வள மந்திரி. அவருடைய தொகுதியில் மீன் இருந்தது மார்க்கெட்டில் மட்டும்தான். கடைசித் தேர்தலில் தோற்றுப்போய், இப்போது முழங்காலைப் பார்த்துக்கொள்ள வந்திருந்தார். எட்டுத் தலைமுறைக் கதையைக் கண்ணை மூடிக் கேட்டுவிட்டு, ஞாயிற்றுக்கிழமை சாப்பாட்டுக்கு வருவதாக உடனே ஒத்துக்கொண்டார்.

வட்டாரமே அழைக்கப்பட்டது. இருபது சஹன். ஒரு சஹனைச் சுற்றி ஆறு பேர் பாயில் உட்கார்ந்து ஒரே தட்டில் சாப்பிடுவது அந்த ஊர் விருந்தின் முறை. அதற்கு முன் வீட்டுக்காரர் கெண்டியையும் ஏந்து பாத்திரத்தையும் எடுத்துவந்து, ஆறு பேர் கைக்கும் தண்ணீர் ஊற்றுவார். கடைசிக் கை நனையும்வரை யாரும் சோற்றைத் தொடமாட்டார்கள்.

மீராசாஹிப்போ தனக்கும் ராஜாவுக்கும் தனியாக ஒரு மேசை போட்டார். மாப்பிள்ளைமார் உட்காரும் சிவப்பு வெல்வெட் நாற்காலி இரண்டை வாடகைக்கு எடுத்தார்.

“மேச என்னத்துக்கு?” என்றார் மனைவி கைறுன்னிஸா. “சனத்தோட சேந்து சஹன்ல ஒக்காருங்க. வோட்டு அங்கதான் ஈக்கி.”

“ராஜாவப் பாய்ல ஒக்கார வெக்கிறதா? ஒனக்கு அரண்மன மரியாத தெரியுமா?”

“தெரியாது. நான் மிளகு யாவாரியைத்தானே முடிச்ச.”

ராஜா வந்தார். மாலை விழுந்தது. அவர் மீராசாஹிப்பின் தோளில் கைபோட்டு, “இவர் எங்க ரத்தம்!” என்று முழங்கினார். கூட்டம் கைதட்டியது. மீராசாஹிப்புக்குக் கண் கலங்கிவிட்டது. முந்தாநாள் கண்டியில் ஹோட்டல் முதலாளி ஒருவரையும் ராஜா இதே வார்த்தையால் கட்டிப்பிடித்தது ஷிஃபானுக்குத் தெரியும். அவனும் சேர்ந்து கைதட்டினான்.

அடுத்து ராஜா வெல்வெட் நாற்காலியை ஒரு பார்வை பார்த்தார். கூட்டத்தை ஒரு பார்வை பார்த்தார். வேட்டியைத் தூக்கிக்கொண்டு, ஐந்து பேர் மட்டும் இருந்த ஒரு சஹனில் ஆறாவது ஆளாகப் பாயில் உட்கார்ந்துவிட்டார்.

மீராசாஹிப்புக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. கெண்டியை எடுத்துவந்து, குனிந்து, ராஜாவின் கைக்குத் தண்ணீர் ஊற்றினார். அதே நேரம் பார்த்துப் போட்டோக்காரன் கமெராவைத் தூக்கினான். கைக்குத் தண்ணீர் வார்க்கும் வேலைக்காரன்போலப் படத்தில் விழுந்துவிடுவோமே என்று மீராசாஹிப் பயந்துபோனார். கெண்டியை டக்கென்று கீழே வைத்துவிட்டுப் போய் வெல்வெட் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

அந்தச் சஹனில் மற்ற ஐந்து கைகளும் நீட்டியபடியே இருந்தன. முதல் கை, மீராசாஹிப்பை அண்ணன் முறையில் ‘நானா’ என்று கூப்பிடும் பக்கத்து வீட்டு அன்ஸாருடையது. பஸ் தரிப்பிடத்துக்குக் கல் சுமந்த கை.

ராஜா கெண்டியை எடுத்தார். முழங்கால் கடகடக்க எழும்பி, ஐந்து பேர் கைக்கும் ஒவ்வொருவராகப் பேர் கேட்டுக் கேட்டுத் தண்ணீர் ஊற்றினார். இருபது சஹனும் அதைப் பார்த்தது. நாலைந்து போன்கள் படம் பிடித்தன. பின்னேர அஸர் தொழுகைக்கு முன் வட்டாரம் முழுக்கப் பரவிவிட்டது.

காரில் ஏறும்போது ராஜா முழங்காலைத் தேய்த்துக்கொண்டே மீராசாஹிப்பின் காதில் சொன்னார்.

“மன்னிச்சிருங்க. இங்க எனக்கு ஒரு ஓட்டுகூட இல்ல. பழக்கதோஷம். மூணு தடவ யானை மேல போய்த் தோத்தவன் நான். அப்புறம்தான் தண்ணி ஊத்தக் கத்துக்கிட்டேன்.”

மீராசாஹிப் நாற்பத்தொரு வாக்கால் தோற்றார். இந்த முறை காரணம் எதுவும் சொல்லவில்லை. வெட்கம் அவரைத் தின்றது. நீட்டியபடி நின்ற அன்ஸாரின் கை கடையில் இருக்கும்போதும் கண்ணுக்குள் வந்தது. பழைய பில் புத்தகங்களை எடுத்துக் கைறுன்னிஸாவிடம் அடுப்புக்குக் கொடுத்தார். அவர் கிரீடத்தைப் பார்த்தார், புருஷனைப் பார்த்தார், வாங்கி அடுப்புக்குள் வைத்தார்.

இரண்டு மாதம் கழித்துப் பள்ளிவாசலில் கந்தூரி விருந்து. யாரும் சொல்லாமலே மீராசாஹிப் கெண்டியைக் கையில் எடுத்தார். போட்டோக்காரன் இல்லை, கட்சிக்காரர் இல்லை. பன்னிரண்டு சஹனுக்கும் குனிந்து குனிந்து ஊற்றினார். இடுப்பு விட்டுப்போனது. ஆனாலும் மனசு லேசாக இருந்தது. எத்தனையோ வருடத்துக்குப் பிறகு, யாரிடமும் எதையும் கேட்காமல் அவர் செய்த வேலை அது.

கடைசிச் சஹனில், கடைசிக் கை அன்ஸாருடையது. அவர் ஆறுதலாக, அவசரமில்லாமல் கையைக் கழுவினார். நிமிர்ந்து, கோபமோ கேலியோ இல்லாமல், நிஜமாகவே தெரிந்துகொள்ளும் குரலில் கேட்டார்:

“அடுத்த எலக்ஷன் எப்ப, நானா?”