அறுநூற்றுப் பதினொரு சொற்கள்

9-2-1992: 1
30-6-1992: 21
31-12-1992: 132
30-6-1993: 340
8-5-1994: 611
14-11-1995: 17
24-6-2007: 0

இவை, புனேயின் ஔந்தில் ஒரே மாடியில் எங்கள் எதிர்வீட்டில் இருந்த அம்ருதா என்ற மராத்திக் குழந்தைக்குத் தெரிந்திருந்த தமிழ்ச் சொற்களின் எண்ணிக்கை. குறித்து வைத்தவன் நான். கற்றுக்கொடுத்தவள் என் மனைவி மங்கையர்க்கரசி. அவளைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

எங்களுக்குப் பிள்ளை இல்லை. அம்ருதாவின் அம்மா ரமாவுக்கு வங்கியில் வேலை. கிடைத்த விடுப்பு மூன்று மாதம். நான்காம் மாதத்திலிருந்து காலை ஒன்பது முதல் மாலை ஆறரை வரை குழந்தை எங்கள் வீட்டில்தான். சாப்பிட அடம்பிடிக்கும். மங்கை கேலரியில், அதாவது பால்கனியில் நின்று, சாலையில் ஒரு சிவப்பு பஸ் போனால் ஒரு வாய் ரசம் சாதம் என்று ஊட்டுவாள். பஸ் தாமதமானால் சாதம் ஆறிப்போகும். 'மாவ்ஷி' என்று கூப்பிடச் சொல்லிக்கொடுத்தவள் ரமாதான். அம்மாவோடு பிறந்தவள் என்று பொருள். மங்கை அதில் மயங்கிப்போனாள்.

1994 மே மாதம் ரமாவுக்கு நாக்பூருக்கு மாற்றல். கீழ்த்தளத்து மும்தாஜ் கல்லூரியில் உளவியல் கற்பிப்பவள். அவளிடம் மங்கை கேட்டாள்: "என்னை ஞாபகம் வச்சிருப்பாளா?"

"மாட்டாக்கா. மூணு மூணரை வயசுக்கு முன்னாடி நடந்தது பெரும்பாலும் யாருக்கும் தங்காது. மூளை அப்போ வளர்ந்துக்கிட்டே இருக்கு. நடந்ததைக் கோத்து வச்சுக்கப் பேச்சும் போதாது. உங்க மூணு வயசு உங்களுக்கு ஞாபகம் இருக்கா?"

"நேத்து வச்ச சாவியே ஞாபகம் இல்ல. வழியே கிடையாதா?"

"வீட்டுல திரும்பத் திரும்பச் சொல்லிட்டே இருந்தா கொஞ்சம் நிக்கும்."

"தினமும் சொல்றேன் தீதி" என்று ரயிலடியில் ரமா, மங்கையின் கையைப் பிடித்து அக்கா என்று கூப்பிட்டுச் சொன்னாள். அதை நம்பி மங்கை மாதம் ஒரு கடிதம் இந்தியில் எழுதினாள், கடிதத்துக்கு ஒரு சம்பவம். 1996 டிசம்பர் வரை முப்பத்தொன்று. படித்துக் காட்டியதாகப் பதில் வரும். பிறகு பதில் நின்றது. நடுவில், 1995 நவம்பரில், ஒரு கல்யாணத்துக்குப் புனே வந்தபோதே அம்ருதா மங்கையின் மடியில் உட்கார மறுத்துவிட்டாள். சின்னக் குழந்தை, அதன்மேல் என்ன தப்பு என்று ஆறியிருந்தோம்.

24-6-2007 ஞாயிறு. வாசலில் ஒரு பெண். இங்கே ஜூனியர் கல்லூரியில் பதினொன்றாம் வகுப்பு சேர்ந்திருக்கிறாளாம்.

"ஆன்ட்டி, எதிர்வீடு பூட்டியிருக்கு. சின்ன வயசுல நாங்க அங்க இருந்தோம். நான் அம்ருதா" என்றாள் இந்தியில்.

மங்கை கதவைப் பிடித்துக்கொண்டாள். "என்ன ஞாபகம் இருக்கு பேட்டா?"

"ஒண்ணே ஒண்ணுதான். ஆயி, அதாவது அம்மா, எங்க வீட்டு கேலரியில நின்னு எனக்கு ஊட்டுவா. சிவப்பு பஸ் போனா ஒரு வாய். எனக்காக மூணு வருஷம் சம்பளமில்லாம லீவு போட்டவ என் அம்மா."

எதிர்வீட்டுக் கேலரி பின்சுவரைப் பார்த்தது. அங்கிருந்து என்றைக்கும் பஸ் தெரிந்ததில்லை. நான் சொற்களைக் குறித்து வைத்த நோட்டை எடுக்க எழுந்தேன்.

"பேசாம உட்காருங்க" என்று தமிழில் அதட்டினாள் மங்கை.

அம்ருதா சிரித்தாள். "இது தெலுங்கா ஆன்ட்டி?"

மங்கை ரமாவின் பழைய நாக்பூர் முகவரிக்கு ஒரே ஒரு வரி எழுதினாள்: பஸ் விஷயம் அவளுக்கு எப்படித் தெரியும்? 17-7-2007, செவ்வாய்க்கிழமை, ஒரு பக்கத்தில் பதில் வந்தது.

'உங்கள் கடிதங்களைத்தான் படித்துக் காட்டினேன் தீதி. மாவ்ஷி என்று இருந்த இடத்திலெல்லாம் ஆயி என்று படித்தேன். முதலில் ஒரு நாள் மட்டும் என்றுதான். அவள் என்னைக் கட்டிக்கொண்டாள். பிறகு மாற்ற முடியவில்லை. லீவு கதையும் அப்படி வந்ததுதான். கடிதங்களைக் கிழித்துவிட்டேன். அவளிடம் சொல்லாதீர்கள். எனக்கும் இனி எழுத வேண்டாம்.'

மங்கை இரண்டு முறை படித்தாள். "அவ மறந்துட்டான்னு நினைச்சப்ப எனக்கு ஒண்ணும் இல்ல. இப்ப என் கையை வச்சுக்கிட்டு முகத்தை மட்டும் எடுத்துட்டாங்களே."

அடுத்த ஞாயிறு அம்ருதா மறுபடி வந்து மணியடித்தாள். மங்கை கதவைத் திறக்கவில்லை. என்னையும் திறக்க விடவில்லை.