பெண்கள் பக்கத்து வாசற்காரி

பொன்னமராவதி டூரிங் கொட்டகையில் பெண்கள் பக்கத்து வாசலுக்கு அந்தக் கிழவிதான் காவல். தொங்கும் காதில் தண்டட்டி, கையில் புளிய விளார். கீற்றுத் தடுப்புக்கு மேல் எட்டிப் பார்க்கும் ஆண் எவனானாலும் முதுகில் ஒன்று விழும். எனக்கும் விழுந்திருக்கிறது.

அதுவரை வந்த புராணப் படங்களில் கிழவிகள் ஆசீர்வாதம் செய்துகொண்டிருந்தார்கள். யுத்தகாலத்தில் வந்த ஒரு குடும்பப் படத்தில் கிழவி கொடுமைக்கார மாமியாராகிவிட்டாள். கடைசியில் மகனே அவளை மிதித்துப் படியில் உருட்டுவான். கொட்டகையே விசிலடிக்கும்.

நாலாம் நாள் அந்தக் கட்டத்தில், கூரைக் கீற்று அறுக்க வைத்திருந்த அரிவாளோடு வாசற்காரி ஓடிப்போய்த் திரையைக் கிழித்தாள். ஆண்கள் பாய்ந்தார்கள். மயிரைப் பிடித்து இழுத்து, மணலில் தள்ளி மிதித்தார்கள்.

வெளியே வாயில் ரத்தத்தோடு உட்கார்ந்திருந்தவளிடம், "வெறும் படந்தானே ஆத்தா?" என்றேன்.

"படந்தான். அவன் மிதிக்கிறப்ப நீ கை தட்டுனியே தம்பி, அதுவும் படமா?"

மறுநாள் கிழிசலைத் தைத்துவிட்டார்கள். வாசலில் வேறொருத்தி நின்றாள். திரையில் மகன் காலைத் தூக்கினான். என் கைகளை எங்கே வைத்துக்கொள்வதென்று எனக்குத் தெரியவில்லை.