என் விரலுக்குத் திறக்காத கதவு

போடிமெட்டுக்கு மேலே, ஏலக்காய் உலர்த்தும் ஸ்டோர் ஒன்றை நானும் என் சிநேகிதனும் கூட்டாக நடத்தினோம். விரல் வைத்தால் கதவு திறக்கும் மெஷினை அங்கே மாட்டியது நான்தான்.

ஒருநாள் காலை என் விரலுக்குச் சிவப்பு விளக்கே எரிந்தது. விரலைத் துடைத்தேன், மெஷினின் கண்ணாடியைத் துடைத்தேன். கரண்டு வந்துகொண்டுதான் இருந்தது. அவனுக்குப் போன் போட்டேன்.

“மழை பெய்யுதுல்ல மாப்ளே, ஈரம் ஏறியிருக்கும். கழட்டிப் பாரு,” என்றான்.

நனைந்தபடியே மூடியைக் கழற்றி வயர்களை இறுக்கிக்கொண்டிருந்தபோது, காய் தரம் பிரிக்கும் அக்கா வந்தார். “கொஞ்சம் தள்ளுங்க தம்பி” என்று விரலை வைத்தார். கதவு திறந்துகொண்டது.

மெஷினில் பதிவான பெயர்களைப் பார்த்தேன். என் பெயர் மட்டும் இல்லை. பெயரை நீக்கும் பாஸ்வேர்டு எங்கள் இருவருக்குத்தான் தெரியும். அவனுக்குச் சொல்லிக்கொடுத்ததே நான்.

மறுபடி கூப்பிட்டேன். “என்னைய எடுத்துட்டியாடா?”

“நேர்ல சொல்லணும்னு இருந்தேன் மாப்ளே. இனிமே நான் தனியாவே பாத்துக்கிறலாம்னு...”

பிரிந்துகொள்வோம் என்று முகத்துக்கு நேரே சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். எல்லாம் தெரிந்தே கழட்டிப் பார்க்கச் சொன்னானே, அதுதான் இன்றுவரை ஆறவில்லை. என் விரலை நானே திரும்பப் பதிந்திருக்கலாம். மனசு வரவில்லை. மூடியை மாட்டித் திருகிவிட்டு, போடிக்கு இறங்கும் ஜீப்பில் ஏறினேன்.