மிஷின் நிற்காத ஸ்டிரைக்

1. மூன்று டேக்

"வேலையை நிறுத்துங்கள் தோழர்களே" என்று தொண்டை கிழியக் கத்தினேன். ஒரு மிஷின்கூட நிற்கவில்லை.

இடம், மண்ணரையில் ஒரு பனியன் கம்பெனி ஷெட். பனியன் தொழிலாளர்களின் பழைய வேலைநிறுத்தம் ஒன்றைப் பற்றிய ஆவணப்படம். அதில் நான் சங்கத் தலைவர். கோயில் நோம்பித் திருவிழா மேடையில் பொம்பளை வேஷம் கட்டியும், பாட்டுக் கச்சேரிக்கு நடுவே மிமிக்ரி செய்தும் சோறு தின்றவனுக்கு, யாரையும் சிரிக்க வைக்க வேண்டாத முதல் வேஷம். காட்சி அமையாவிட்டால் என்னைத் தூக்கிவிட்டுப் பழைய போட்டோக்களை வைத்து ஒப்பேற்றிவிடுவேன் என்று டைரக்டரம்மா முன்பே சொல்லியிருந்தார். நானோ சொந்தக்காரர்களிடமெல்லாம் தலைவராகவே உலாவிக்கொண்டிருந்தேன்.

ஷெட் முதலாளி ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வரை இடம் தந்தார். ஒரே கண்டிஷன். ஷிப்மென்ட் நெருக்கடி, மிஷின் சும்மா ஓடக் கூடாது, டெய்லர்கள் நிஜ பனியன் பீஸைத் தைத்துக்கொண்டே நடிக்கட்டும் என்றார். ஸ்டிரைக் படத்தை இப்படி எடுக்க எங்கள் ஊரால்தான் முடியும்.

இரண்டாவது டேக், மூன்றாவது டேக். நான் கத்த, ஓவர்லாக் தையல் மிஷின் அதைவிடச் சத்தமாக ஓடியது. உள்ளங்கை வியர்த்து, தோளில் கிடந்த சிவப்புத் துண்டில் துடைத்தேன். சாயத்துக்குப் பேர் வாங்கிய ஊரில் அந்தத் துண்டு மட்டும் சாயம் விட்டது. கையைப் பார்த்த உதவி டைரக்டர் ரத்தம் என்று நினைத்துப் பஞ்சு தேடப் போனார்.

கோளாறு என் மூஞ்சியில்தான் என்று முடிவு கட்டி, முதல் மிஷினில் இருந்த செல்வியிடம் குனிந்து கேட்டேன்.

"ஏனுங்க, நம்ம பேச்சு அத்தன மோசமுங்களா?"

"பேச்சு நல்லாத்தானுங்ண்ணா இருக்குது. பாதித் தையல்ல உட்டுட்டு எப்படீங்க எந்திரிக்கறது? ஆல்ட்டர்னு பிரிச்சுத் தைக்க மறுபடி என்ற தலைக்கே வருமுங்க."

பின்னாலிருந்தவர் சேர்த்துக்கொண்டார். "ஸ்டிரைக்க நாளைக்குக்கூடப் பண்ணிக்கலாமுங்க. பீஸு இன்னைக்குப் போகோணும்."

2. நாலாவது டேக்

டைரக்டரம்மாவிடம் விஷயத்தைச் சொன்னேன். இன்னும் ஒரு டேக்குக்குத்தான் நேரம் இருக்கிறது, எப்படியாவது செய்யுங்கள் என்றார்.

கேமரா ஓடியது. வாயைத் திறந்தேன். இரண்டு பக்க வசனமும் மொத்தமாகப் போய்விட்டது. மேடையில் வசனம் மறந்தால் தொபுக்கென்று விழுந்துவிடுவேன், கைதட்டு வரும். அன்றும் கால்கள் விழத் தயாராகத்தான் இருந்தன. செல்வியின் டேபிளைப் பிடித்துக்கொண்டேன். வேறு பிழைப்பில்லாமல் அவர் கையையே பார்த்தேன். பனியனின் கைப்பக்கத் தையல் முடிந்தது. நூலை வெட்டினார். பீஸைப் பண்டலில் போட்டார். கை அடுத்த பீஸுக்குப் போனது.

"அது வேண்டாமுங்க" என்றேன்.

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். டேபிளுக்கு அடியில் கைவிட்டு மோட்டாரை அணைத்தார். எழுந்தார். பின்னாலிருந்தவர் தன் பீஸை முடித்து அணைத்தார். அடுத்தவர், அதற்கும் அடுத்தவர். கடைசி மிஷின் கொஞ்ச நேரம் தனியாக ஓடி, அதுவும் நின்றது. ஃபேன் சத்தம் மட்டும் கேட்டது.

டைரக்டரம்மா கட் சொல்லவே மறந்துவிட்டார். வாசலில் நின்ற முதலாளிதான் குரல் இறங்கிக் கேட்டார்.

"ஏனுங்க, இது நடிப்புத்தானுங்களே?"

செல்வி சிரித்துக்கொண்டே உட்கார்ந்து மோட்டாரைப் போட்டார். பண்டல் பாக்கி இருந்தது.

3. சோமனூர்

படத்தைச் சோமனூரில் தறிக்காரர்களுக்குப் போட்டுக் காட்டினார்கள். நான் திரையில் வந்ததும் நாலைந்து பேர் சிரித்தார்கள். என்னைத் தெரிந்தவர்கள், குற்றம் சொல்ல முடியாது. செல்வியின் கை அடுத்த பீஸுக்குப் போனபோது யாரும் சிரிக்கவில்லை. நானும் மூச்சைப் பிடித்துக்கொண்டுதான் பார்த்தேன்.

நடிக்க வரும் தம்பிகள் கேட்டால் இதைத்தான் சொல்கிறேன். வசனம் மறந்தால் எதிரில் இருப்பவரின் கையைப் பாருங்கள். அதில் இருக்கிற வேலை முடியட்டும், அப்புறம் பேசலாம். தொபுக்கென்று மட்டும் விழுந்துவிடாதீர்கள். அதற்கு நான் இருக்கிறேன்.