போகட்டும் அக்கா

பாட்டில் தொழிற்சாலையில் அவளுடைய பெயர் பாதிப் பேருக்குத் தெரியாது. 'போகட்டும் அக்கா' என்றால் வாசல் காவலாளிகூடக் கை காட்டிவிடுவார்: மூன்றாவது பெல்ட், கடைசி நாற்காலி.

வேலை, உட்கார்ந்து பார்ப்பதுதான். உலையில் பிறந்து ஆறிய பாட்டில்கள் பெல்ட்டில் வரிசையாக வரும். எதிரே ஒரு வெள்ளைத் திரை, அதன் பின்னால் விளக்கு. அந்த வெளிச்சத்தைக் கடப்பதற்குள் ஒவ்வொரு பாட்டிலையும் முடிவு செய்துவிட வேண்டும். போகலாம் என்றால் சும்மா இருந்தால் போதும். கூடாது என்றால் எடுத்துப் பின்னாலிருக்கும் தொட்டியில் போட வேண்டும். அது நொறுங்கி மறுபடி உலைக்குப் போகும்.

சேர்ந்த முதல் வாரத்தில் அவளுடைய தொட்டி நிரம்பி வழிந்தது. கண் அப்படி. கடுகளவு குமிழ், நூல் போல ஒரு கோடு, கொஞ்சம் சாய்ந்த அடிப்பாகம், எதையும் விடவில்லை. பக்கத்து நாற்காலிக்காரி மூன்று நாள் பொறுத்தாள்.

"ஏன்க்கா, பாட்டில் பாக்கறியா, மாப்பிள்ளை பாக்கறியா?"

"குறை இருக்கே."

"குறை இல்லாத பாட்டில் இன்னும் பொறக்கல. வாயைப் பாரு, கழுத்தைப் பாரு. அங்க விரிசல் இருந்தா குடிக்கிறவன் உதட்டைக் கிழிச்சிடும். வயித்துல ஒரு குமிழ் இருந்தா யாருக்கு என்ன? போகட்டும்."

அந்த ஒரு சொல்லைப் பழக ஆறு மாதம் ஆனது. அதற்குள் வீட்டுத் தம்ளர்களையும் ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, ஆறையும் கழித்திருந்தாள். பஸ் கண்டக்டரான கணவர் கொஞ்ச காலம் குளியலறைக் குவளையில்தான் தேநீர் குடித்தார். தன்னையும் ஒருநாள் வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பாளோ என்று பயந்ததாக இன்றும் சொல்வார்.

பாட்டிலில் வந்த பழக்கம் மனிதர்களிடம் வர இன்னும் பல வருஷம் ஆனது.

மாடியில் தங்கை இருக்கிறாள். அப்பா கட்டிய வீடு. கீழே அக்கா, மேலே தங்கை, நடுவில் ஒரே படிக்கட்டு. தங்கை தையல்காரி. பள்ளிச் சீருடைகள் தைப்பாள். விதவையானபின் பெண்ணைத் தனியாக வளர்த்து, படிக்கவைத்து, வேலைக்கு வேறு ஊருக்கு அனுப்பியிருந்தாள். கைக்கு எவ்வளவு நிதானமோ வாய்க்கு அவ்வளவு அவசரம்.

அம்மா இறந்து பத்தாம் நாள், வந்தவர்கள் எல்லாம் கிளம்பிய பிறகு, "நீ அம்மாவைப் பாத்துக்கிட்ட லட்சணம்தான் ஊருக்கே தெரியுமே" என்றாள் தங்கை. அக்கா பதில் சொன்னாள். ஒன்றுக்கு மூன்றாகச் சொன்னாள். மூன்று வருஷம் பேச்சு இல்லை. மொட்டைமாடிக் கொடிக்கு இவள் காலையில் போனால் அவள் மாலையில் போவாள். தங்கை மகளுக்கு வேலை கிடைத்த செய்தி, ஒரே வீட்டில் இருந்தவளுக்கு எதிர்வீட்டுக்காரி சொல்லித்தான் தெரிந்தது. எல்லா வார்த்தைகளும் மறந்த பிறகும் அது மட்டும் உறுத்தியது. ஒருநாள் படியேறிப் போய், "ஊசியில நூல் கோத்துத் தரவா?" என்று கேட்டாள். தங்கை ஊசியை நீட்டினாள். அதோடு சரி.

அதற்குப் பிறகு தங்கை சொல்வதில் பத்துக்கு ஒன்பது அவள் காதோடு நின்றுவிடும். துணியில் சோப்பு போகவில்லை, வாசலில் செருப்பு கோணல், நீ வரவரப் பெருத்துக்கொண்டே போகிறாய். வயிற்றில் குமிழ். போகட்டும்.

ஒருநாள், காலை ஷிப்ட் முடிந்து வந்து, மதியம் துணி மடித்துக்கொண்டிருந்தபோது போன் மணியடித்தது. தங்கையிடமிருந்து ஒரு குரல் செய்தி. மாடியில் இருப்பவள் எதற்குப் போனில் பேச வேண்டும்? தொட்டாள்.

"உன் பெரியம்மா இருக்காளே..."

தொட்ட விரல் தானாகத் திரும்பி வந்து நிறுத்தியது. மகளுக்குப் போக வேண்டியது தவறி இங்கே வந்திருக்கிறது. மொத்தம் இரண்டு நிமிஷம் பதினோரு நொடி என்று காட்டியது.

ஓய்வுபெற்ற கண்டக்டர் செய்தித்தாளுக்கு மேலாக எட்டிப் பார்த்தார். ஊர் விஷயம் என்றால் அவருக்குச் சாப்பாடுகூட வேண்டாம்.

"உன்னைப் பத்தியா? போடு, போடு. என்னதான் சொல்றான்னு கேப்போம்."

"வேண்டாம்."

"ரெண்டு நிமிஷம்டி!"

"அதான் ஆச்சரியமா இருக்கு. என்னைப் பத்தி இவ்வளவு நேரம் நீங்ககூடப் பேசினதில்ல."

போனைக் கவிழ்த்து வைத்தாள். சிரித்தாளே தவிர, கை துணியை மடிக்கவில்லை. ஒரு தொடுகை போதும். கேட்டால் மறக்க முடியாது. மறக்க முடியாவிட்டால் ஒருநாள் பதில் வந்துவிடும். இருவருக்கும் ஐம்பது தாண்டியாயிற்று. இன்னொரு மூன்று வருஷத்தை எங்கே போய்த் தேடுவது?

ஆனால் அந்த ஒரு வரியில் வேறு ஏதோ இருந்தது. 'உன் பெரியம்மா' என்றதற்கும் 'இருக்காளே' என்றதற்கும் நடுவில் ஒரு இழுப்பு. பேச்சு நிற்கும் இடம் அது இல்லை. மூச்சு நின்ற இடம்.

அவள் கூரையைப் பார்த்தாள். மாடியில் தையல் மெஷின் ஓடியது. கொஞ்சம் ஓடி நின்றது. மறுபடி கொஞ்சம். முன்பெல்லாம் ஒரு சட்டையின் நீளத்துக்கு நிற்காமல் ஓடும் மெஷின் அது. எத்தனை நாளாக இப்படி? காதில் விழுந்துகொண்டேதான் இருந்திருக்கிறது. அதையும் சேர்த்துப் போகட்டும் என்று விட்டிருக்கிறாள்.

மெஷின் சட்டென்று நின்றது. போனைப் பார்த்திருப்பாள். படியில் காலடி. பன்னிரண்டு படியில் இரண்டு இடத்தில் நின்று நின்று இறங்கியது.

தங்கை வாசலில் நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். முகத்தில் சண்டைக்கான தயாரிப்பு.

"கேட்டுட்டியா?"

"பெரியம்மா இருக்காளேன்னு ஆரம்பிச்சே. அதோட நிறுத்திட்டேன்."

"கதை விடாதே. கேட்டாச்சுன்னு நீலமாக் காட்டுது."

"தொட்டாலே நீலமாயிடும். மீதி எனக்கு வந்ததில்ல, உன் பொண்ணுக்கு வந்தது. இந்தா, நீயே அழிச்சிடு."

தங்கை போனை வாங்கினாள். அக்காவையும் போனையும் மாறி மாறிப் பார்த்தாள். கண்டக்டரைப் பார்த்தாள்.

"சத்தியமாக் கேக்கலம்மா," என்றார் அவர், பெரிய இழப்பு போல. "நானும் கெஞ்சிப் பாத்தேன்."

தங்கை அழித்தாள். அழித்த பிறகு நாற்காலியில் உட்கார்ந்தாள். சண்டைக்கு வந்தவளுக்குச் சண்டை கிடைக்கவில்லை.

"அப்போ நான் என்ன சொன்னாலும் உனக்கு ஒண்ணுமே இல்ல, அப்படித்தானே?"

"பேச்சு போகட்டும். மூச்சு ஏன் வாங்குது?"

"யாருக்கு?"

"பின்ன எனக்கா? பன்னெண்டு படிக்கு ரெண்டு தடவை நின்னே. மெஷின் நாலு தையலுக்கு ஒரு தடவை நிக்குது. எத்தனை நாளா?"

"வயசாச்சு. போகட்டும் விடு."

"இது போகாது."

தங்கை நிமிர்ந்தாள். அக்கா வாயில் அந்த வார்த்தையை அவள் கேட்டு வெகுகாலம் ஆகியிருந்தது.

"நாளைக்குப் போலாம். சீருடை நிறையக் கிடக்கு."

"கிடக்கட்டும். செருப்பைப் போடு."

"அதிகாரம் பண்றியா?"

"ஆமா."

கண்டக்டர் அதற்குள் ஆட்டோ கூப்பிடத் தெருவில் இறங்கியிருந்தார். ஆட்டோவில் தங்கை ஓயாமல் திட்டினாள்: ஒட்டுக்கேட்டது போதாதென்று இழுத்துக்கொண்டு வேறு போகிறாள். திட்டு நடுநடுவே அறுந்தது. அக்கா அறுந்த இடங்களை மட்டும் கேட்டுக்கொண்டு வந்தாள்.

டாக்டர் கண்ணிமையை இழுத்துப் பார்த்தார். ரத்தம் எடுக்கச் சொன்னார். முடிவு வந்ததும், உடம்பில் இருக்க வேண்டியதில் பாதிதான் ரத்தம் இருக்கிறது என்றார். பயப்பட ஒன்றுமில்லை, மாத்திரையில் சரியாகும், ஆனால் இன்னும் இரண்டு மாதம் விட்டிருந்தால் படிக்கட்டில் மயங்கி விழுந்திருப்பீர்கள்.

"படிக்கட்டு எங்க அப்பா கட்டினது டாக்டர். கொஞ்சம் செங்குத்து," என்றாள் தங்கை, தப்பு படியின் மேல் என்பது போல.

மாத்திரை காலை ஒன்று, இரவு ஒன்று. அக்கா ஷிப்டுக்குப் போகும்போது ஒன்றைக் கையில் கொடுத்து, விழுங்கும்வரை நிற்பாள். வாயைத் திறந்து காட்டச் சொல்வாள். "நான் என்ன பாட்டிலா?" என்று கேட்டபடி தங்கை திறந்து காட்டுவாள்.

இரண்டு மாதம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம். அக்கா கீழே வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தாள். மேலே மெஷின் ஒரு சட்டையின் நீளத்துக்கு ஓடி நின்றது. ஜன்னல் திறந்தது.

"கொடியில என் இடத்துல யாரு போர்வையைப் போட்டது எத்தனை தடவை சொல்றது ஈரம் சொட்டித் தைச்ச துணியெல்லாம் நாசமாப் போகுது கண்ணு பாட்டில் பாக்க மட்டும்தானா இந்த வீட்டுல நான் ஒருத்தி இருக்கேன்னு யாருக்காவது ஞாபகம் இருக்கா!"

"என்னடி சொல்றா?" என்றார் கண்டக்டர், செய்தித்தாளை இறக்கி.

கத்தி நின்ற இடத்திலேயே நின்றது. அக்கா தலையைச் சாய்த்துக் கடைசிச் சொல்வரை கேட்டாள்.

"தெரியல. ஆனா ஒரே மூச்சுல சொல்லிட்டா," என்றாள், அடுத்த வெங்காயத்தை எடுத்து.