கெட்டவர் எவரும் சாகாத கடை

ஹம்பேர்க் ரயில் நிலையத்துக்குப் பின்னால், மரக்கறிக் கடைகளுக்கு நடுவே எங்கள் அச்சகம் இருக்கிறது. கணவர் இயந்திரத்தைப் பார்ப்பார், நான் பக்கங்களை அமைப்பேன். திருமண அழைப்பிதழை விட எங்களுக்குச் சோறு போடுவது கல்வெட்டுத்தான். யாழ்ப்பாணத்தார் ஒருவர் இறந்தால் முப்பத்தோராம் நாள் வருபவர்களுக்குக் கொடுக்கும் நினைவுப் புத்தகம் அது. அதில் எல்லோரும் இன்சொல் பேசியவர்கள், எல்லோரும் வந்தாரை வாழவைத்தவர்கள். மனைவியை அடித்து ஆஸ்பத்திரியில் படுக்க வைத்த ஒருவரைக்கூட ‘இல்லறம் போற்றிய ஏந்தல்’ என்று அமைக்கச் சொன்னார்கள். பல்லைக் கடித்துக்கொண்டு அமைத்தேன்.

அந்தக் கடைக்குத்தான் அந்தச் சேர்பிய எழுத்தாளர் தன் கதைகளை நகலெடுக்க வருவார். பேருந்து ஓட்டிப் பிழைத்தார். மிச்ச நேரத்தில் தன் ஊரைப் பற்றி எழுதினார். அலங்காரம் கிடையாது, கண்டதைக் கண்டபடி எழுதும் ஆள். எங்கள் இருவருக்கும் பொதுவாக இருந்தது உடைந்த ஜெர்மன் மட்டுமே. அதை இங்கே என் வாயில் வரும் தமிழிலேயே எழுதுகிறேன். ஒருநாள் மேசையில் கிடந்த கல்வெட்டு ஒன்றை எடுத்து, என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டார். வரி வரியாகச் சொன்னேன். அடுத்ததைக் காட்டினார். அதையும் சொன்னேன்.

“உங்கட ஆக்களிலை கெட்ட மனிசர் ஒருத்தரும் சாகிறேல்லையோ?” என்றார்.

எனக்குச் சிரிப்பும் வந்தது, கோபமும் வந்தது. “உங்கட ஊரிலை மட்டும் என்னவாம்?” என்று திருப்பிக் கேட்டேன்.

பதிலுக்குத் தன் கதை ஒன்றைச் சொன்னார். மாவு ஆலைக்காரர் ஒருவரின் செத்தவீடு. வாசலில் அவருடைய கறுப்பு நாய் படுத்திருக்கிறது. ஊரார் சமையலறையில் இருந்து சாப்பிட்டபடியே அவருடைய கள்ளத் தராசைப் பற்றிப் பேசுகிறார்கள். பிறகு வாயைத் துடைத்துக்கொண்டு கல்லறைக்குப் போய், நீதிமான் போய்விட்டாரே என்று அழுகிறார்கள். அவ்வளவுதான் கதை, ஊரில் நடந்ததுதான். அதை எழுதியதற்காக ஊர் எழுத்தாளரோடு பேச்சை நிறுத்தியது. இங்கே அதே ஊர்க்காரர்கள் நடத்தும் சங்கத்தில் அவருடைய புத்தகங்களை அலுமாரியிலிருந்து இறக்கிப் பெட்டியில் கட்டிவைத்தார்கள். அவர் ஒரு சொல்லைக்கூட மாற்றிக் கொடுக்கவில்லை. அதில் அவருக்குக் கொஞ்சம் தலைக்கனமும் இருந்தது. எனக்கு அந்தத் தலைக்கனம் பிடிக்கும்.

போன குளிர்காலத்தில் மாரடைப்பு வந்து போய்விட்டார். சில நாட்களில் அவருடைய மனைவி கடைக்கு வந்தார். அவர்களுக்கு நாற்பதாம் நாள் முக்கியம். கல்லறையில் மெழுகுதிரி கொளுத்தி, அவித்த கோதுமையில் சீனி கலந்து வருபவர்களுக்கு ஒரு கரண்டி கொடுப்பார்கள். அன்று நம்மைப்போல ஒரு புத்தகமும் கொடுக்க வேண்டும் என்றார்.

“புகழ்ச்சி ஒண்டும் வேண்டாம். அந்த ஆலைக்காரரின்ரை கதையைப் போடுங்கோ.”

இது எப்படியோ வெளியே போய், சங்கத் தலைவர் ஒரு தாளோடு வந்து நின்றார். ‘தன் மக்களை நேசித்தவர், எவர் மனதையும் நோகடிக்காதவர்’ என்று அதில் இருந்தது. படித்ததும் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இத்தனை வருடமாக நான் அமைத்த அதே கல்வெட்டு, ஜெர்மன் மொழியில் என் மேசைக்கே வந்திருக்கிறது.

“இதைப் போடுங்கோ. கதையைப் போட்டால் எங்கட ஆக்கள் ஒருத்தரும் வரமாட்டினம். அந்த மனிசி தனிய நிண்டு மெழுகுதிரி கொளுத்தட்டும்” என்றார்.

அவர் போனதும் கணவர் பக்கத்தில் வந்தார். “இஞ்சேரும், அது அவையின்ரை பிரச்சினை. உமக்கேன் வீண் வேலை?”

“இவ்வளவு நாளும் நான் புகழ்ந்தது காணும். இந்த மனிசனுக்கும் பொய் எழுத என்னாலை ஏலாது” என்றேன்.

ஆனால் முடிவு என்னுடையது அல்ல. அந்தப் பெண்ணுக்கு இந்த நகரத்தில் தாய்மொழி பேச இருக்கும் ஒரே இடம் அந்தச் சங்கம்தான். பெருநாள், காப்பி, வருத்தம் துன்பம் எல்லாம் அங்கேதான். அதனால் என் விருப்பத்தைச் சொல்லாமல் தாளை அவரிடம் கொடுத்து, தலைவர் சொன்னதையும் சொன்னேன். இரண்டு தரம் வாசித்தார். மடித்துத் திருப்பித் தந்தார்.

“ஒருத்தரும் வராட்டிலும் பரவாயில்லை. கதையைப் போடுங்கோ.”

நாற்பதாம் நாள் தூறிக்கொண்டிருந்தது. ஊர்க்காரர் பலர் வரவில்லை. வந்த சிலரும் தள்ளியே நின்றார்கள். தலைவர் வந்திருந்தார், யார் யார் வந்தது என்று பார்க்க வேறு யார் இருக்கிறார்கள்? நான் நீட்டிய புத்தகத்தைப் பிரித்ததும் முகம் சிவந்தது.

“செத்தவருக்கே அவமானம் செய்துபோட்டியள்” என்று எல்லோருக்கும் கேட்க எழுத்தாளரின் மனைவியிடம் சொன்னார்.

மனைவி கோதுமைக் கிண்ணத்தோடு அவர் முன்னால் வந்து நின்றார். “இதிலை எது பொய்? ஒரு வரியைக் காட்டுங்கோ. எல்லாப் புத்தகத்தையும் இப்பவே கிழிக்கிறன்.”

தலைவர் குடைக்குள் நின்றபடியே கதையை முழுதாக வாசித்தார். பக்கத்தைப் பின்னால் புரட்டித் திரும்பவும் வாசித்தார். கடைசியில் ஓரிடத்தில் விரலை வைத்தார்.

“ஆலைக்காரரின்ரை நாய் கறுப்பில்லை. மண்ணிறம்.”

மனைவி கிண்ணத்திலிருந்து ஒரு கரண்டி கோதுமை எடுத்து அவரிடம் நீட்டினார்.

“சரி. அடுத்தமுறை அச்சடிக்கேக்கை நாயை மட்டும் மாத்துவம்.”